யுத்த காலத்துப் பக்தி

என் புத்தகங்களுக்குப் படித்த பெரியவர்கள் வைத்த பெயர் 'பஸ் ஸ்டாண்டு சரித்திரம்'. மட்டம் தட்டுவதாக நினைத்துத்தான் வைத்தார்கள். எனக்கு அதில் ஒரு குறையும் தெரியவில்லை. காஞ்சிபுரம் பஸ் ஸ்டாண்டில் வேர்க்கடலை வண்டிக்குப் பக்கத்துக் கடையில் என் புத்தகம் கயிற்றில் தொங்கியது. செங்கல்பட்டு பஸ்ஸுக்கு நின்றவர் வாங்கிப் படித்தார். ஜனங்களுக்கு நடந்ததை ஜனங்கள் படிக்கக்கூடாது என்றால் வேறு யார் படிப்பது? இதை ஒரு கூட்டத்தில் கேட்டேன். அடுத்த கூட்டத்துக்கு என்னைக் கூப்பிடவில்லை.

அறுபதுகளின் கடைசியில் எழுத ஆரம்பித்தேன். அப்போது பெண்கள் பள்ளியில் சரித்திரம் சொல்லிக்கொடுத்துக்கொண்டிருந்தேன். எங்கள் வீடு தறி வீடு. அப்பா சீக்கிரமே போய்விட்டதால் தம்பி பள்ளிக்கூடத்தை விட்டுத் தறிக்குழியில் இறங்கினான். அம்மா ராட்டினத்தில் ஊடை நூலைத் தாராகச் சுற்றுவாள். இவர்கள் இருவரின் சத்தத்துக்கு நடுவில் உட்கார்ந்துதான் நான் உலக யுத்தங்களை எழுதினேன். எழுதுவதற்கு அமைதி வேண்டும், தனி அறை வேண்டும் என்று சொல்கிறவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வரும். பட்டுத் தறி நிற்காமல் ஓடினால்தான் எனக்கு எழுத்து ஓடும். தறி நின்றால் வீட்டில் ஏதோ சரியில்லை என்று அர்த்தம்.

முதல் புத்தகம் இரண்டாம் உலக யுத்தத்தில் ஐரோப்பா பட்ட பாடு. சென்னைப் பதிப்பாளர் என் பெயரைப் போடாமல் முதலெழுத்துகளை மட்டும் போட்டார். "யுத்தப் புஸ்தகம் பொம்பள எழுதுனதுன்னு தெரிஞ்சா எவன்மா வாங்குவான்?" என்றார். புத்தகம் விற்றது. படித்தவர்கள் என்னை 'ஐயா' என்று விளித்துக் கடிதத்தில் பாராட்டினார்கள். பட்டாளத்தில் எந்தப் படைப்பிரிவில் இருந்தீர்கள் என்று ஒருவர் விசாரித்திருந்தார். அடுத்த பதிப்பில் முழுப் பெயர் வந்தால்தான் ஆயிற்று என்று சண்டை பிடித்து வாங்கினேன். அதன் பிறகும் விற்பனை குறையவில்லை. ஐயாக்கள் மட்டும் கொஞ்சம் குறைந்தார்கள்.

எங்கள் தெருவில் அந்தப் புத்தகத்தை முதலில் படித்தவர் நாட்டாண்மைக்காரர். நாட்டாண்மை என்றதும் நரைத்த மீசையை நினைக்க வேண்டாம். அப்போது அவருக்கு நாற்பது வயதுகூட ஆகவில்லை. அவர் அப்பாவிடமிருந்து வந்த பொறுப்பு. தெருவில் பாதித் தறிகளுக்குப் பாவு, அதாவது தறியில் ஏற்றும் நீள நூல், கொடுக்கும் முதலாளியும் அவர்தான். அவர் பாவு கொடுத்தால்தான் தம்பியின் தறி ஓடும். நல்ல மனிதர், படிக்கிற ஆசை உள்ளவர். லெனின்கிராட் நகரத்தை வருஷக்கணக்கில் முற்றுகை போட்டுப் பட்டினி போட்டதை எழுதியிருந்தேன். அதைப் படித்துவிட்டு வீட்டுக்கே வந்துவிட்டார்.

"சோறு எறங்கலமா டீச்சர். துண்டு ரொட்டிக்குப் பனியில நின்னுக்கினு இருந்தாங்களே, பொம்பளைங்க, கொழந்தைங்க. இன்னா ஜனங்கமா அவங்க. நின்னு ஜெயிச்சாங்க பாரு" என்றார். அவர் கண் கலங்கியிருந்தது. அன்று எனக்கு இருந்த பெருமைக்கு அளவில்லை.

புத்தகம் இரண்டு பதிப்பு போனதும், "அவங்க ஊர் யுத்தம் எழுதியாச்சு, நம்ம ஊர்ல யுத்தம் எப்படி இருந்துச்சுன்னு ஒண்ணு எழுதுங்க" என்றார் பதிப்பாளர். நம் எல்லையில் தளபதிகள் எங்கே படையை நிறுத்தினார்கள் என்பது, சென்னையில் குண்டு விழும் என்று ஊரைக் காலி செய்துகொண்டு ஓடியது, அரிசி கிடைக்காமல் போனது என்று எல்லாவற்றையும் சேர்த்தேன். அதில் காஞ்சிபுரத்துக்கு ஓர் அத்தியாயம் வேண்டும் என்று எனக்கு ஆசை. பட்டுக்கும் யுத்தத்துக்கும் உள்ள தொடர்பை நான் படித்து வைத்திருந்தேன். விமானத்திலிருந்து குதிக்கிற சிப்பாய்களுக்குப் பாராசூட் தைக்கப் பட்டு வேண்டியிருந்தது. மைசூர்ப் பக்கத்துப் பட்டு அங்கே போய்விட்டது. வானத்திலிருந்து எவனோ ஒருவன் பத்திரமாக இறங்கியபோது இங்கே தறி தறியாக நின்றது.

தறி நின்றபோது என்ன செய்தீர்கள் என்று எங்கள் தெருப் பெண்களிடம் ஒவ்வொரு வீடாகப் போய்க் கேட்டேன். ஐம்பது வயதுக்கு மேற்பட்டவர்கள் எல்லாரும் ஒரே பதிலைச் சொன்னார்கள்.

"இன்னா பண்ணோம்? கோயிலுக்குப் போனோம்."

"தெனமுமா?"

"தெனமுந்தான். விடியறதுக்குள்ள எழுந்து போயிடுவோம்."

வேறு எதைக் கேட்டாலும் பேச்சு திரும்பிவிடும். காபி குடிக்கிறாயா, தம்பிக்குப் பெண் பார்க்கிறார்களா, இந்த வருஷம் கருட சேவைக்கு என்ன கூட்டம் பார்த்தாயா. நான் சரித்திர ஆசிரியை அல்லவா! ஆதாரம் இத்தனை வாய்களிலிருந்து ஒரே மாதிரி வந்தால் முடிவு எடுத்துவிட வேண்டியதுதானே. 'யுத்த காலத்துத் துன்பங்களுக்கு நடுவே காஞ்சி நெசவாளர்களிடம் பக்தி பெருகியது. பெண்கள் நாள் தவறாமல் ஆலயம் தொழுதனர்' என்று அழகாக எழுதினேன். கோயில் ஊர். யாரும் சந்தேகப்பட முடியாத வாக்கியம்.

அந்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன். அவளுக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வரும். அதனால் எழுதியதை எல்லாம் அவளிடம் வாய்விட்டுப் படிப்பது என் வழக்கம். ராட்டினத்தைச் சுற்றிக்கொண்டே கேட்டாள். 'பக்தி பெருகியது' என்ற இடம் வந்ததும் ராட்டினம் நின்றது. அம்மா சிரித்தாள். சிரித்த சிரிப்பில் இழை அறுந்துவிட்டது. தறியில் இருந்த தம்பி எட்டிப் பார்த்தான்.

"பக்தியா? அடி போடி. பக்தியாம் பக்தி. பசிடீ."

பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. அறுந்த இழையைத் தேடி முடிந்துகொண்டே சொன்னாள். ஊருக்கு வெளியே செவிலிமேடு போகிற வழியில் ஒரு மண்டபத்தில் கஞ்சித் தொட்டி திறந்திருந்தார்கள். பெரிய அண்டாக்களில் கேழ்வரகுக் கஞ்சி காய்ச்சி, இல்லாதவர்களுக்கு ஊற்றுகிற இடம். ஊர் நடுவில் திறந்திருந்தால் இந்தத் தெருக்காரர்கள் பட்டினி கிடந்து செத்தாலும் போயிருக்க மாட்டார்கள். எட்டாக்கையாக இருந்ததால் போனார்கள். தூக்குச் சட்டியின் மேல் ஒரு துண்டைப் போட்டு மூடி, அதன் மேல் நாலு பூவை வைத்துக்கொண்டு போவார்கள். எதிரில் வருகிறவர்கள் எங்கே என்று கேட்டால், 'கோயிலுக்கு.'

"கேக்கறவங்களும் அங்கதான் போயிட்டு வந்துக்கினு இருப்பாங்க. அவங்க சட்டியிலயும் பூ இருக்கும். ஆனா கேட்டா கோயிலுன்னுதான் சொல்லணும். அப்படி ஒரு பேச்சு. கஞ்சித் தொட்டின்னு சொல்ல யாருக்கு வாய் வரும்?" என்றாள் அம்மா. "எல்லாருக்கும் தெரியும். யாரும் சொன்னதில்ல. நீதான் அத புஸ்தகத்துல பக்தின்னு எழுதற."

"நெஜத்த எழுதட்டுமா?"

அம்மா ராட்டினத்தை மறுபடி சுற்ற ஆரம்பித்தாள். "எழுது. நான் சொன்னேன்னு எழுதாத" என்றாள்.

எழுதினேன். 'பக்தி பெருகியது' என்ற வாக்கியத்தை அடித்துவிட்டு, எங்கள் தெருப் பெண்கள் கஞ்சித் தொட்டியின் வரிசையில் நின்றார்கள் என்று எழுதினேன். தெருவையும் சொன்னேன். ஊரும் தெருவும் இல்லாமல் 'ஏழை மக்கள்' என்று பொதுவாக எழுதுவது எனக்குப் பிடிக்காது. புத்தகம் அச்சுக்குப் போவதற்கு முன் அந்த அத்தியாயம் மட்டும் சென்னை வாரப் பத்திரிகை ஒன்றில் வந்தது. வந்த வாரமே எங்கள் தெரு முனை முடிவெட்டும் கடையில் அதை யாரோ சத்தமாகப் படித்திருக்கிறார்கள். பாதி முகத்தில் சோப்பு நுரையோடு ஒருவர் எழுந்து போய்விட்டாராம்.

ரெண்டு நாளில் ஆள் வந்தது. சாயங்காலம் விளக்கு வைத்ததும் கோயிலை ஒட்டின மடத்துக்கு நானும் தம்பியும் வரவேண்டும் என்று நாட்டாண்மைக்காரர் சொல்லி அனுப்பியிருந்தார். தம்பிக்கு முகம் வெளுத்துவிட்டது. தறியில் இருந்த பாவு முடிகிற நேரம் அது. அடுத்த பாவு அந்த வாரம் வர வேண்டும்.

"அந்த ஒரு பக்கத்த எடுத்துட்டா இன்னாக்கா? ரஷ்யாக்காரனப் பத்தி எழுதிக்கோ. அவன் இன்னா இங்க வந்து கேக்கப் போறானா?" என்றான். அவன் கேட்டதில் தப்பில்லை. தறியில் உட்காருகிறவன் அவன். நான் எழுதியதற்கு அவன் வயிறு காய வேண்டியிருந்தது. அதை நினைத்து எனக்குக் கோபம் வந்தது, அவன் மேல் இல்லை.

மடத்தில் ஆண்கள் இருபது முப்பது பேர் இருந்தார்கள். பெண் என்று நான் மட்டும். அம்மா கூப்பிடாமலே எங்கள் பின்னால் வந்து வாசற்படி ஓரம் நின்றுகொண்டாள்.

நாட்டாண்மைக்காரர் மரியாதையாகத்தான் ஆரம்பித்தார். "டீச்சரம்மா, உலகத்துல இருக்கற யுத்தம் எல்லாம் எழுது. யார் வேணான்னாங்க? படிக்கறதுக்கு மொத ஆளு நானு. நம்ம தெருவ எதுக்குமா இழுக்கற? ஆரணியிலருந்து நாளைக்கு ஒருத்தன் பொண்ணு குடுக்க வர்றான். கஞ்சிக்கு நின்ன தெருவான்னு கேட்டா நாங்க இன்னா சொல்றது?"

"நின்னோம், இப்ப நிமிந்துட்டோம்னு சொல்லுங்க" என்றேன்.

கசமுசா என்று சத்தம் எழுந்தது. பெண்பிள்ளை எதிர்த்துப் பேசுவது அந்த மடத்துச் சுவருக்குப் பழக்கமில்லை. அவர் கையைக் காட்டி அமர்த்தினார்.

"நாம சாமிக்கு நெய்யற ஜனங்க. பரிவட்டம் நம்ம கை நெசவு. அந்தக் கை கஞ்சிக்கு நீளுமா? ஆதாரம் இருக்குதா உங்கிட்ட?"

"லெனின்கிராட்டுல ரொட்டிக்கு நின்னாங்கன்னு எழுதினேன். சோறு எறங்கலன்னு சொன்னீங்க. இன்னா ஜனங்க அவங்கன்னு சொன்னீங்க. எங்கிட்ட ஆதாரம் கேக்கல. அவங்க பனியில நின்னா வீரம், நம்ம அம்மாங்க வெயில்ல நின்னா மானக்கேடா? அது எந்த ஊரு நியாயம்?"

அவர் முகம் இறுகியது. தம்பி என் புடவைத் தலைப்பைப் பிடித்து இழுத்தான். நான் நிறுத்தவில்லை. அத்தியாயத்தை எடுக்க மாட்டேன், ஒரு வரி கூட எடுக்க மாட்டேன், முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிற வேலைக்கு என் பேனா வராது என்றேன். கொஞ்சம் அதிகமாகவே பேசினேன். இன்று கேட்டாலும் அதையேதான் பேசுவேன்.

"அப்போ நானும் ஒண்ணு சொல்லிடறேன்" என்றார் அவர், தம்பியைப் பார்த்து. "தெருவ சந்தி சிரிக்க வெக்கற வீட்டுக்கு என் பாவு வராது. வேற எடம் பாத்துக்கோ."

தம்பி தலை குனிந்தான். தறி நின்றதைப் பற்றி எழுதியதற்காக எங்கள் தறியே நிற்கப் போகிறது.

அவரும் அதோடு விட்டிருக்கலாம். ஆனால் நான் கேட்ட கேள்வி அவரைக் குத்தியிருக்க வேண்டும். எல்லாரையும் பார்த்துச் சொன்னார். "சாட்சி வேணுமா? நானே சாட்சி. யுத்தத்தப்ப எனக்குப் பத்து வயசு. எங்க வூட்லயும் தறி நின்னுது. எங்க அம்மா கஞ்சிக்கு நிக்கல. தெனம் விடியக்காலம் குளிச்சுட்டுக் கோயிலுக்குப் போவாங்க. தூக்குல பிரசாதம் வாங்கியாருவாங்க. கஞ்சிப் பிரசாதம். நாங்க அஞ்சு புள்ளைங்களும் கண்ணுல ஒத்திக்கினு குடிப்போம். சாமி எங்களக் கைவுடல. அந்தப் பிரசாதத்துலதான் வளந்தோம்."

நரைத்த தலைகள் எல்லாம் தரையைப் பார்த்தன. இளையவர்கள் அவரை நம்பி நிமிர்ந்து உட்கார்ந்தார்கள். என் ஆதாரம் என் எதிரில் நின்று தானாகவே பேசிவிட்டது. வாயைத் திறந்தால் நான் ஜெயித்துவிடுவேன். ஆனால் வாய் வரவில்லை. அவர் அம்மா செத்து நாலைந்து வருஷம்தான் ஆகியிருந்தது. அந்தம்மா சாகும்வரை மகனிடம் சொல்லவில்லை. இவரும் பெருமையோடுதான் சொன்னார். ஒரு மனிதரின் பத்து வயதை எல்லார் முன்னாலும் பிடுங்கிப் போட எனக்குத் தைரியம் இல்லை. அந்த ஒரு நிமிஷம் நான் சரித்திரமும் எழுத வேண்டாம், ஒன்றும் வேண்டாம் என்று நினைத்தேன்.

வாசற்படியிலிருந்து அம்மாவின் குரல் வந்தது.

"எந்தக் கோயில்பா?"

அவர் திரும்பிப் பார்த்தார். "இன்னா அத்தை?"

"உங்கம்மா பிரசாதம் வாங்கியாந்தது எந்தக் கோயில்ல?"

வெளியூர்க்காரர் யாராவது கேட்டிருந்தால் அவர் ஏதோ ஒரு கோயில் பெயரைச் சொல்லியிருப்பார். கேட்டது இந்த ஊர்க்காரி, பதில் சொல்ல வேண்டியவரும் இந்த ஊர்க்காரர். எந்தக் கோயிலில் என்றைக்கு என்ன பிரசாதம் என்பது இங்கே பிறந்த பிள்ளைக்குப் பாடம் படிக்காமலே தெரியும். மிளகும் சுக்கும் போட்ட இட்லி எங்கே, புளியோதரை எங்கே, சுண்டல் எந்தக் கிழமை, சர்க்கரைப் பொங்கலில் நெய் மிதக்கிற இடம் எது என்று தூக்கத்தில் கேட்டாலும் சொல்லுவோம். அம்மன் கோயிலில் கூழ் ஊற்றுவார்கள், அது ஆடி மாதத்தோடு சரி. வருஷம் பூராவும், தினமும் விடியற்காலையில் கேழ்வரகுக் கஞ்சி நைவேத்தியம் செய்கிற கோயில் காஞ்சிபுரத்தில் இல்லை.

அவர் யோசித்தார். உதடு அசைந்தது. ஒவ்வொரு கோயிலாக மனசுக்குள் போய்ப் பார்த்துவிட்டு வருகிறார் என்று தெரிந்தது. பெரிய கோயில்களை முடித்துக்கொண்டு சின்னக் கோயில்களுக்குப் போயிருப்பார். பிறகு உதடு நின்றுவிட்டது.

அம்மா படியேறி உள்ளே வந்தாள். அந்த மடத்துக்குள் அவள் அப்படி வந்து நான் பார்த்ததில்லை.

"எனக்கு முன்னால உங்கம்மா நின்னுக்கினு இருந்தாங்க. நான் வாயும் வயிறுமா இருந்தேன், இவளச் சுமந்துக்கினு. அன்னிக்குக் கஞ்சி அடியில வந்துடுச்சு, இன்னும் ஒருத்தருக்கு வந்தா பெருசு. உங்கம்மா திரும்பிப் பாத்துட்டு, 'நீ வா முன்னாடி'ன்னு எடம் வுட்டாங்க. அஞ்சு புள்ளைங்க வூட்ல காத்துக்கினு இருக்குது, அவங்க எடம் வுட்டாங்க. அதக் குடிச்சுட்டு வந்துதான் நான் இவளப் பெத்தேன்." என்னைக் கையால் காட்டினாள். "கஞ்சிக்கு நின்னத நான் சொன்னேன்னு வெளிய சொல்லக்கூடாதுன்னு நான்தான் இவ வாயக் கட்டி வெச்சிருந்தேன். நீ பாவு நிறுத்தறேன்னு சொன்னதுக்காக வரல. உங்கம்மா நிக்கலன்னு சொன்னியே, அதக் கேட்டுக்கினு நிக்க முடியலபா."

இது எனக்கும் அதுவரை தெரியாது. சுவரில் சாய்ந்துகொண்டேன்.

நாட்டாண்மைக்காரர் அப்படியே உட்கார்ந்துவிட்டார். யாரோ தண்ணீர் கொண்டுவந்து கொடுத்தார்கள். அதை வாங்கிக் கையிலேயே வைத்திருந்தார். கூட்டத்தை மறந்துவிட்டவர் போல அம்மாவிடம் சொன்னார்.

"கண்ணுல ஒத்திக்கினு குடிச்சேனே அத்தை."

"ஒத்திக்கினது சரிதான்பா" என்றாள் அம்மா.

ஆண்கள் ஒவ்வொருவராக எழுந்து துண்டை உதறிக்கொண்டு போனார்கள். வயதான ஒருவர் என்னைக் கடக்கும்போது, "எங்க வூட்லயும்தான்" என்று மட்டும் சொல்லிவிட்டுப் போனார். நாங்கள் கிளம்பும்போது நாட்டாண்மைக்காரர் என்னைக் கூப்பிட்டார். என் முகத்தைப் பார்க்கவில்லை.

"எடுக்க மாட்ட இல்ல?"

"மாட்டேன்."

"அப்போ முழுசா எழுது. எங்கம்மா எடம் வுட்டாங்கன்னு எழுது."

பாவு அந்த வாரமே வந்தது. அதைப் பற்றி அவரும் பேசவில்லை, நாங்களும் பேசவில்லை. ஆனால் அதற்குப் பிறகு அவர் என் புத்தகத்தைப் பற்றிப் பேச எங்கள் வீட்டுக்கு வந்ததே இல்லை. தெருவில் சிலர் என்னோடு பேச்சை நிறுத்தினார்கள். எனக்கு அதனால் ஒன்றும் குறைந்துவிடவில்லை. பொய் சொல்லிச் சம்பாதிக்கிற உறவைவிடப் பேச்சில்லாத தெரு மேல்.

புத்தகம் அச்சாவதற்கு முன் அந்த அத்தியாயத்தில் ஒரு பத்தி சேர்த்தேன். வரிசையில் நின்ற ஒரு தாய், வீட்டில் ஐந்து குழந்தைகள் பசியோடு காத்திருக்கும்போது, பின்னால் நின்ற கர்ப்பிணிக்குத் தன் இடத்தைக் கொடுத்தாள் என்று எழுதினேன். அந்தக் குழந்தை நான்தான் என்றும் எழுதினேன். அதைப் படித்த பதிப்பாளர், "சரித்திரப் புஸ்தகத்துல சொந்தக் கதை எதுக்கும்மா, அந்தப் பத்தியை எடுத்துடலாமே" என்றார். சண்டைக்குத் தயாராகத்தான் சென்னைக்குப் போனேன். தளபதிகள் எங்கே படையை நிறுத்தினார்கள் என்று இருநூறு பக்கம் எழுதியிருக்கிறேன், அதில் எதை வேண்டுமானாலும் வெட்டிக்கொள்ளுங்கள், இந்தத் தாய் எங்கே நின்றாள் என்பதை மட்டும் தொடக்கூடாது என்றேன். அவர் தளபதிகளை வெட்டினார்.